கதவுப் பிடியில் கை வைத்த பிறகு

ராயபுரத்தில் ஒரு மொட்டைமாடியில் போன ஞாயிறு 18 நிமிடக் குறும்படம் ஒன்று பார்த்தோம். காசிமேட்டில் வலை பின்னும் ஒருவர் நான்கு முறை மனநல ஆலோசனைக்கு வருகிறார், அவ்வளவுதான் கதை. நான் உளவியல் ஆலோசகர் என்பதால் கேள்விகள் எல்லாம் என்னிடம் வந்தன. கேட்டவர்களின் பெயருக்குப் பதில் அவர்களின் ஏரியாவைப் போட்டிருக்கிறேன்.

வியாசர்பாடி: மேடம், அவர் படகு என்ஜினைப் பற்றியே பேசுகிறார். கிளம்பும்போதுதான் தம்பி கடலிலிருந்து திரும்பாததைச் சொல்கிறார். சினிமாவுக்காகவா?

இல்லைங்க, படத்திலேயே ரொம்ப நிஜமான இடம் அது. 45, 50 நிமிடம் விலைவாசி, முழங்கால் வலி என்று போகும். எழுந்து, கதவுப் பிடியில் கை வைத்தபடி, "அப்புறம் இன்னொண்ணு மேடம்..." என்பார்கள். சொன்னதும் வெளியே போய்விடலாம் என்கிறபோதுதான் அந்தத் தைரியம் வருகிறது. மறுபடி உட்கார வைத்துத் துருவ மாட்டோம். "அடுத்த வாரம் இதிலிருந்தே ஆரம்பிக்கலாம்" என்போம். உயிரை மாய்த்துக்கொள்ளும் எண்ணம் தெரிந்தால் மட்டும் கடிகாரத்தைப் பார்க்க மாட்டோம்.

தண்டையார்பேட்டை: நம்ம ஏரியா ஆம்பளைங்க இப்படி அழுவாங்களா அக்கா?

சாவு வீட்டில் மரண கானா பாடும்போது பாருங்கள் தம்பி, தோளைப் பிடித்துக்கொண்டு தேம்புவார்கள். அந்த ஒரு ராத்திரிக்கு ஊரே அனுமதி தருகிறது. பதினாறாம் நாள் காரியம் முடிந்த பிறகு அழுதால்தான் "இன்னுமா?" என்று கேட்கிறோம். அந்த "இன்னுமா"வுக்குப் பயந்துதான் பலர் என்னிடம் வருகிறார்கள்.

எண்ணூர்: ஆலோசகர் அவர் மனைவிக்குப் போன் போட்டுச் சொல்லிவிடுகிறாரே, சரியா?

தப்பு. அந்தக் காட்சி எனக்குக் கோபத்தையே வரவழைத்தது. 2017-ஆம் ஆண்டு மனநலப் பராமரிப்புச் சட்டம் ரகசியத்தை உரிமையாகவே தருகிறது. உயிருக்கு ஆபத்து, நீதிமன்ற உத்தரவு போன்ற சில நிலைகளில்தான் விலக்கு. மனைவி வருத்தப்படுகிறார் என்பது அதில் வராது.

பெரம்பூர்: மாத்திரை உண்டா?

நான் எழுத முடியாது. தேவைப்பட்டால் மனநல மருத்துவர் எழுதுவார்.

திருவொற்றியூர்: காசில்லாதவங்க எங்கே போறது?

ஸ்டான்லி அரசு மருத்துவமனையில் மனநலப் பிரிவு இருக்கிறது. நேரில் போகத் தயக்கமா, 14416-க்குப் போன் செய்யுங்கள். அது டெலி மானஸ் என்ற அரசு மனநல உதவி எண், 24 மணி நேரமும் இலவசம், தமிழிலேயே பேசலாம்.

கொருக்குப்பேட்டை: கடைசியில் அவருக்குச் சரியானதா இல்லையா?

நான்காவது முறை வரும்போது உட்காருவதற்கு முன்னாலேயே தம்பியின் பெயரைச் சொல்கிறாரே, கவனித்தீர்களா? நானாக இருந்தால் அன்றைய குறிப்பில் அதை மட்டும்தான் எழுதியிருப்பேன்.