கிடாய் விடும் மாதமும் உரோமம் வெட்டும் மாதமும்

கேள்வி: வெலிமடைப் பக்கம் இருபது செம்மறிகளும் ஒரு கிடாயும் வைத்திருக்கிறேன். கம்பளி உரோமம் உள்ள இனம். போன வருசம் கிடாயை மறிகளோடு (பெண் ஆடுகளோடு) சேர விட்டு இரண்டு வாரத்தில் உரோமம் வெட்டினோம். பல மறிகள் சினை நிற்காமல் திரும்பவும் பருவத்துக்கு வந்தன. இந்த முறை எப்போது வெட்டலாம்?

பதில்: கிடாய் விடுவதற்கு ஒரு மாதம் முன்பே வெட்டிவிடுங்கள் ஐயா. விட்ட பிறகு வரும் முதல் மாதத்தில் கத்தரியைத் தொடவே வேண்டாம். இரண்டு, மூன்று வாரக் கரு கருப்பையில் ஒட்டிக்கொள்ளும் நேரம் அது. அப்போது ஆட்டைப் பிடித்து மல்லாத்தி, பட்டினி போட்டு, போர்வையையும் உருவி மலைக்குளிரில் விட்டால் கரு தங்காமல் போகலாம். செம்மறியின் பருவச் சுற்று சுமார் 17 நாள். உங்கள் மறிகள் சரியாக 17ஆம் நாளில் திரும்பியிருந்தால் பெரும்பாலும் சினையே பிடித்திருக்காது. கிடாயையும் பார்க்க வேண்டும். நாள் தள்ளி வந்திருந்தால் பிடித்த கரு கலைந்திருக்கலாம்.

குளிர் நாடுகளில் பகல் குறுகும் காலத்தில்தான் பெரும்பாலான செம்மறிகள் பருவத்துக்கு வரும். நம் நாட்டில் பகல் நேரம் பெரிதாக மாறாததால் வருசம் முழுக்க வரும். கிடாய் எப்போதும் பட்டியிலேயே நின்றால் ஏதாவது ஒரு மறி எப்போதும் இளஞ்சினையாக இருக்கும். வெட்ட நல்ல நாளே அமையாது. அதனால் கிடாயைத் தனியாகக் கட்டுங்கள். குட்டி எப்போது பிறக்க வேண்டும் என்று முடிவு செய்து, அங்கிருந்து பின்னோக்கி எண்ணுங்கள்.

உங்கள் பக்கம் வடகீழ்ப் பருவமழை ஓய்ந்த பிறகு, பெப்ரவரியில் குட்டி பிறப்பது நல்லது. ஏப்ரல் மழைக்குப் புல் தளிர்க்கும்போது குட்டிகளும் மேயப் பழகியிருக்கும். சினைக்காலம் சுமார் 148 நாள். செப்டெம்பர் 15இல் கிடாய் விட்டால் பெப்ரவரி 10 அளவில் முதல் குட்டிகள் வரும். ஐந்து வாரம் விட்டு வைத்தால் இரண்டு சுற்றுக்குப் போதும்.

கிடாய்க்கு ஜூலை இறுதியிலேயே வெட்டுங்கள். விந்து உருவாகி முதிர ஏழு, எட்டு வாரம் பிடிக்கும். இடையில் காய்ச்சலோ விதைப்பையில் வெட்டுக்காயமோ வந்தால் அதன் பலன் கிடாய் விடும் நாளில்தான் தெரியும். வெட்டும்போதே விதைகளைத் தடவிப் பாருங்கள். இரண்டும் ஒரே அளவில், இறுக்கமாக, கட்டியில்லாமல் இருக்க வேண்டும்.

மறிகளுக்கு ஓகஸ்ட் நடுவில். அப்போது உங்கள் பக்கம் மழை குறைவு, காற்றுத்தான் கடுமை. கொட்டிலின் காற்று வரும் பக்கத்தைச் சாக்கால் மறைத்துவிடுங்கள். வெட்டுவதற்கு முந்தின நாள் இரவு தீனி வேண்டாம். உரோமம் நனைந்திருந்தால் வெட்டாதீர்கள். தோலோடு ஒட்ட வெட்டாமல் அரை அங்குலம் விடுங்கள். காம்புப் பக்கம் கை கவனம். வெட்டிய ஆடு குளிரைத் தாங்க அதிகம் தின்னும். தவிடும் புண்ணாக்கும் அப்போதிருந்தே கூட்டிக் கொடுத்து வந்தால் கிடாய் விடும் நேரத்தில் மறிகள் தேறி நிற்கும், இரட்டைக் குட்டிக்கும் வாய்ப்புக் கூடும்.

ஜனவரியில் நிறைசினை மறிகளை நிற்க வைத்தே மடியையும் வாலடியையும் சுற்றி மட்டும் கத்தரியுங்கள். குட்டி காம்பைச் சுலபமாகப் பிடிக்கும். அப்போது பட்டினி போடவே கூடாது. இரட்டைக் குட்டி சுமக்கும் மறிக்கு அது உயிராபத்து.

அட்டன், மஸ்கெலியாப் பக்கம் இருப்பவர்கள் இந்த மாதங்களை அப்படியே எடுக்க வேண்டாம். அங்கே ஓகஸ்டிலும் தென்மேல் மழை ஓயாது. குட்டி ஈன்று ஒரு மாதம் கழித்து, மார்ச்சில் ஒரு வெயில் நாள் பார்த்து வெட்டுவது நல்லது.

இவ்வளவு செய்தும் இந்த முறையும் மறிகள் திரும்பி வந்தால், அடுத்த சுற்றுக்குக் காத்திருக்காமல் உங்கள் பகுதி அரச மிருக வைத்தியரிடம் கிடாயைக் காட்டுங்கள்.