பேரிக்காயில் பாதி கொடுத்த குடியரசுத் தலைவர்

கேள்வி: எங்கள் ஊர் நூலக வாசகர் வட்டத்தில் இத்தாலியின் லூயிஜி எய்னௌடியைப் பற்றி 20 நிமிடம் பேச ஒப்புக்கொண்டுவிட்டேன். நான் தமிழாசிரியை, பொருளாதாரம் படித்ததில்லை. தேடினால் பேராசிரியர், செனட்டர், மத்திய வங்கி ஆளுநர், அமைச்சர், குடியரசுத் தலைவர் என்று பதவிப் பட்டியல்தான் கிடைக்கிறது. ஒரே சமயத்தில் ஆளுநராகவும் அமைச்சராகவும் இருந்தார் என்பது உண்மையா? அவர்தான் முதல் குடியரசுத் தலைவரா? எதைப் பேசுவது, எதை விடுவது?

பதில்: அம்மா, பதவிப் பட்டியலை ஓரமாக வைத்துவிடுங்கள். “இந்தச் செலவுக்குப் பணம் எங்கிருந்து வரும்?” அறுபது ஆண்டுக்கும் மேலாக எய்னௌடி கேட்டுக்கொண்டே இருந்த கேள்வி இது. இதைப் பிடித்துக்கொண்டால் 20 நிமிடமும் தானாக நகரும்.

முதலில் ஆளை ஊரோடு சேர்த்துக் காட்டுங்கள். 1874-ல் வடமேற்கு இத்தாலியில் பீட்மாண்ட் பகுதியின் கர்ரூ என்ற சிற்றூரில் பிறந்தார். 14 வயதில் தகப்பனார் இறந்துபோக, குடும்பம் தாயாரின் ஊரான டோலியானிக்குக் குடிபெயர்ந்தது. திராட்சை விளையும் மேட்டு நிலம் அது. 1897-ல், வயது 23 இருக்கும்போதே, அங்கே ஒரு பண்ணையை வாங்கினார். டோல்செத்தோ திராட்சை போட்டார், வரவு செலவு பார்த்தார், கடைசிவரை அந்த நிலத்தை விடவில்லை. டூரின் பல்கலைக்கழகத்தில் பொது நிதி கற்பித்த பேராசிரியர் விளைச்சல் கணக்கும் பார்க்கத் தெரிந்தவர் என்பது, என் பார்வையில், அவரைப் புரிந்துகொள்ள மிகவும் உதவும் செய்தி. நாளிதழ்களில் ஏராளமாக எழுதினார். 1919-ல் செனட்டர் ஆனார். அவரிடம் ஆய்வேடு எழுதிய பொருளாதார அறிஞர் பியெரோ ஸ்ராஃபா பின்னாளில் கேம்பிரிட்ஜில் அமர்த்தியா சென்னுக்கு வழிகாட்டினார். இதற்கு ஒரு வரி போதும்.

முசோலினி காலத்தைச் சுருக்கமாகச் சொல்லுங்கள். பாசிசத்துக்கு எதிராகத் தத்துவஞானி குரோச்சே எழுதிய அறிக்கையில் 1925-ல் கையெழுத்திட்டார். நடத்திவந்த பொருளாதார இதழை 1935-ல் அரசு மூடியது. 1943 செப்டம்பரில் ஜெர்மானியப் படை வடக்கு இத்தாலியைப் பிடித்தபோது, 69 வயதில், மனைவி இடாவுடன் மலையேறிக் கடந்து சுவிட்சர்லாந்துக்குத் தப்பினார்.

இனி 1947. பேச்சின் பாதி நேரத்தை இதற்கே கொடுங்கள். முதலில் உங்கள் சந்தேகம்: ஆம், உண்மைதான். 1945 ஜனவரியில் இத்தாலிய வங்கியின் ஆளுநர் ஆனார். 1947 மே இறுதியில் பிரதமர் தெ காஸ்பெரி கம்யூனிஸ்டுகளையும் சோஷலிஸ்டுகளையும் விலக்கி அமைத்த அமைச்சரவையில் துணைப் பிரதமராகவும், புதிதாக உண்டாக்கிய பட்ஜெட் துறையின் அமைச்சராகவும் சேர்ந்தார். ஆளுநர் பதவி பெயரளவில் அவரிடமே இருந்தது. வங்கியின் அன்றாட வேலையைத் தலைமை இயக்குநர் தொனாத்தோ மெனிக்கெல்லா பார்த்துக்கொண்டார்.

அப்போது விலைவாசி போருக்கு முந்தைய நிலையைப்போல ஏறத்தாழ 50 மடங்கு. இதை எண்ணாகச் சொன்னால் யார் மனதிலும் நிற்காது. டூரினில் ஒரு துணி வியாபாரியைக் கற்பனை செய்யச் சொல்லுங்கள். வங்கியில் கடன் வாங்குகிறார், துணி மூட்டைகளை வாங்கிக் கிடங்கில் அடுக்குகிறார், கதவைப் பூட்டுகிறார். மூன்று மாதம் கழித்து விலை ஏறியிருக்கும். கடனையும் வட்டியையும் அடைத்த பிறகும் கை நிறைய மிஞ்சும். விற்காமல் வைத்திருப்பதே லாபம் என்றால் எவர் விற்பார்? எல்லோரும் பூட்டினால் விலை இன்னும் ஏறும்.

எய்னௌடியும் மெனிக்கெல்லாவும் அந்தக் கடன் வரும் வாய்க்காலையே அடைத்தார்கள். வங்கிகள் தங்கள் வைப்புத்தொகையில் ஒரு பங்கைக் கட்டாயமாக ஒதுக்கிவைக்க வேண்டும் என்று விதி வந்தது. 1947 அக்டோபர் 1 முதல், புதிதாக வரும் ஒவ்வொரு 100 லிராவிலும் 40 லிராவைக் கடனாகக் கொடுக்கக் கூடாது. ஒதுக்கிய தொகை மொத்த வைப்பில் 25 சதவீதம் ஆகும்வரை இப்படி. வங்கி பழைய கடனைப் புதுப்பிக்கத் தயங்கியது. நம் துணி வியாபாரி கிடங்கைத் திறந்தார். அந்த இலையுதிர் காலத்திலேயே விலை இறங்கத் தொடங்கிவிட்டது.

இதன் மறுபக்கத்தையும் கட்டாயம் சொல்லுங்கள். பதுக்கியவருக்கு மட்டுமல்ல, தொழிற்சாலைக்கும் கடன் வற்றியது. உற்பத்தி தளர்ந்தது, வேலை இல்லாதவர்கள் பாடு இன்னும் மோசமானது. பிடி அளவுக்கு மீறி இறுகியது என்ற விமர்சனம் அன்றே எழுந்தது. சேமிப்பு கரைந்துகொண்டிருந்த ஓய்வூதியக்காரருக்கு அவர் காப்பாற்றியவர், வேலை போன தொழிலாளிக்கு அப்படி அல்ல. இரண்டும் உண்மை.

அதே ஆண்டுகளில் அரசியல் நிர்ணய சபையிலும் இருந்தார். புதிய செலவைக் கொண்டுவரும் எந்தச் சட்டமும் அதற்கான பணம் எங்கிருந்து வரும் என்று சொல்லியாக வேண்டும் என்ற விதி, அரசியலமைப்பின் 81-வது பிரிவில் ஏறியதில் அவருக்குப் பெரிய பங்கு உண்டு. பின்னர் குடியரசுத் தலைவரானபோது, இந்தப் பிரிவைக் காட்டியே சில சட்டங்களைக் கையெழுத்திடாமல் நாடாளுமன்றத்துக்குத் திருப்பி அனுப்பினார்.

அவர் முதல் குடியரசுத் தலைவரா என்பதில் பலரும் தடுமாறுகிறார்கள். வரிசையில் இரண்டாமவர். அரசியல் நிர்ணய சபை தேர்ந்தெடுத்த இடைக்காலத் தலைவர் என்ரிக்கோ தெ நிக்கோலாவுக்கு 1948 ஜனவரி 1 முதல் குடியரசுத் தலைவர் என்ற பெயர் வந்தது. புதிய அரசியலமைப்பின்படி நாடாளுமன்றம் தேர்ந்தெடுத்தவர்களில் எய்னௌடி முதலாமவர். 1948 மே 11 அன்று, நான்காம் சுற்று வாக்கெடுப்பில், 518 வாக்குகள் பெற்றார். 1946 பொதுவாக்கெடுப்பில் முடியாட்சி வேண்டும் என்று வெளிப்படையாகச் சொன்ன மனிதரையே குடியரசு தன் தலைவராக்கியது. இந்த இடத்தில் கொஞ்சம் நிறுத்திப் பேசுங்கள், கேட்பவர்கள் நிமிர்ந்து உட்காருவார்கள்.

பேச்சை எங்கே முடிப்பது என்பதற்கும் ஒரு காட்சி இருக்கிறது. குடியரசுத் தலைவரின் குவிரினாலே மாளிகையில் எழுத்தாளர்களுக்கு ஒரு விருந்து. கடைசியில் பெரிய தட்டில் பழங்கள் வந்தன. எய்னௌடி ஒரு பேரிக்காயை எடுத்துப் பார்த்தார். முழுசாகத் தின்ன முடியாது, பாதி வீணாகும். யாராவது என்னோடு பங்கிட்டுக்கொள்கிறீர்களா என்று கேட்டார். பரிமாறியவர் முகம் சிவந்துபோனது. எழுத்தாளர் என்னியோ ஃபிளயானோ கையைத் தூக்கினார். பிற்பாடு இதை எழுதியவரும் அவரே.

கேள்வி நேரத்தில் இரண்டு வரலாம். பியானோ கலைஞர் லுதோவிக்கோ எய்னௌடி உறவா என்று இளைஞர்கள் கேட்பார்கள். பேரன்தான். எய்னௌடியின் மகனான பதிப்பாளர் ஜூலியோவின் பிள்ளை. படித்துவிட்டு வந்த யாராவது, 1931-ல் பேராசிரியர்கள் பாசிச ஆட்சிக்கு விசுவாசப் பிரமாணம் எடுத்தபோது இவரும் எடுத்தாரே என்று கேட்கலாம். எடுத்தார். நாடெங்கும் மறுத்தவர்கள் பத்துப் பன்னிரண்டு பேர்தான், அதில் இவர் இல்லை. மழுப்பாமல் அப்படியே சொல்லிவிடுங்கள்.