தகரத்தில் பெயின்ட் ஏன் உரிகிறது?

கேள்வி: புது ஜிங்க் தகட்டுப் பெட்டிக்கு எனாமல் அடித்தேன். சில மாதங்களிலேயே தோல் உரிவதுபோல உரிகிறதே?

பதில்: உங்கள் கைவேலையில் குறையில்லை. எண்ணெய் சார்ந்த எனாமல், தகட்டின் மேல் பூசியிருக்கும் துத்தநாகத்தோடு (ஜிங்க்) சேர்ந்தால் அடியில் சோப்பு போல ஒரு வழவழப்பு உண்டாகும், பிடிப்பு போய்விடும். என் முதல் பெட்டியும் இப்படித்தான் ஆனது. உரிந்த ஏட்டைத் திருப்பிப் பார்த்தேன், துருவே இல்லை, அடியில் தகடு பளபளவென்று இருந்தது.

சரி, பழையதை முழுக்கச் சுரண்டிவிடுங்கள். சோப்புத் தண்ணீரில் கழுவி, நன்றாகக் காய்ந்தபின் 220 நம்பர் உப்புத்தாளால் மினுமினுப்பு மங்கும்வரை மட்டும் தேயுங்கள். அழுத்தித் தேய்த்தால் துத்தநாகமே போய்விடும். அப்புறம் வெறுங்கையால் தொடவே கூடாது. விரல் பிசுக்கு பட்ட இடத்தில் பெயின்ட் சரியாகப் பிடிக்காது. கால்வனைஸ்டு (துத்தநாகம் பூசிய) தகட்டுக்கென்றே உள்ள பிரைமர் ஒரு பூச்சு, அது காய்ந்ததும் மெல்லிசாக இரண்டு பூச்சு பெயின்ட்.