‘பொம்பளைங்க படிப்பு’ படித்து ஆம்பளைப் பையன் என்ன செய்வான்?

ஐயா, உங்கள் கடிதத்தை இரண்டு தடவை படித்தேன். மகன் மெக்கானிக்கல் முடித்து ஒரகடத்தில் இரண்டு வருடமாக வேலை பார்க்கிறார். அதை விட்டுவிட்டு இங்கிலாந்தில் ‘ஜெண்டர் அண்ட் டெவலப்மெண்ட்’ (பாலினமும் வளர்ச்சியும்) எம்.ஏ. படிக்கப் போகிறேன் என்கிறார். நிலத்தை வைத்துக் கடன் வாங்கவும் நீங்கள் தயார். உங்களை அரிப்பது வேறு. பெண்களைப் பற்றிய படிப்பில் ஆம்பளைக்கு என்ன வேலை, நாளைக்குப் பெண் கேட்டுப் போகிற வீட்டில் என்னவென்று சொல்வது என்று கேட்டிருக்கிறீர்கள். இரண்டாவது கேள்விக்கு என் பதில் சுருக்கமானது: ‘வளர்ச்சித் திட்ட அதிகாரி’ என்று சொல்லுங்கள், போதும். முதல் கேள்விக்குத்தான் கொஞ்சம் பேச வேண்டும்.

2019-21 தேசியக் குடும்பநலக் கணக்கெடுப்பில், கருத்தடை அறுவை செய்துகொண்ட பெண்கள் 37.9 சதவீதம். ஆண்கள் செய்துகொண்டது 0.3 சதவீதம். இரண்டில் எளிதான ஆபரேஷன் ஆணுக்குத்தான். ஆனாலும் இத்தனை வருடம் நம் நர்ஸம்மாக்கள் வீட்டு வாசலில் நின்று பேசியது பெரும்பாலும் பெண்களிடம்தான். வீட்டில் முடிவெடுக்கிற ஆளிடம் பேச ஆளில்லை. இந்த ஓட்டையை உலகம் பார்த்துவிட்டது. 1994 கெய்ரோ மக்கள்தொகை மாநாடு ஆண்களின் பொறுப்பைத் தனியாக எழுதி வைத்தது. 2004-இல் ஐ.நா.வின் பெண்கள் நிலை ஆணையம் பாலினச் சமத்துவத்தில் ஆண்கள், சிறுவர்களின் பங்கை அந்த வருடத்தின் பேசுபொருள்களில் ஒன்றாக எடுத்துக்கொண்டது. ஆண்களையும் உட்காரவைத்துப் பாலினச் சமத்துவம் பேசுகிற வேலை, உங்கள் மகன் போக நினைக்கிற துறை, அப்படி வளர்ந்து வந்ததுதான்.

எனக்குப் பிடித்த உதாரணம் மேற்கு ஆப்பிரிக்காவின் நைஜர். ஒரு பெண்ணுக்குச் சராசரியாக ஏழு குழந்தை பிறந்த நாடு. பிரசவத்துக்கு ஆஸ்பத்திரிக்குப் போகவே புருஷன் சம்மதிக்க வேண்டும். ஐ.நா. மக்கள்தொகை நிதியம் 2007-இல் அங்கே சிண்டர் வட்டாரத்தில் ‘கணவர்கள் பள்ளி’ தொடங்கியது. பள்ளி என்றாலும் வாத்தியார் கிடையாது. ஊர் ஆண்கள் கூடி உட்கார்ந்து, ஏன் நம் பெண்கள் ஆஸ்பத்திரிக்குப் போவதில்லை என்று தாங்களே பேசித் தீர்வு தேடுவார்கள். அதில் சேர 25 வயதாவது ஆகியிருக்க வேண்டும், மணமாகியிருக்க வேண்டும். மனைவி மருத்துவச் சேவையைப் பயன்படுத்துபவராக இருக்க வேண்டும். அவர் சங்கம், கூட்டம் என்று போவதற்குக் கணவர் குறுக்கே நிற்கக் கூடாது.

ருவாண்டாவில் ‘பந்தெபெரெஹோ’ என்ற திட்டம், குழந்தைக்குக் காத்திருக்கிற, சின்னக் குழந்தை வைத்திருக்கிற அப்பாக்களைக் குழுவாக உட்காரவைத்து நடந்தது. பல அமர்வுகளுக்கு மனைவியரும் வந்தார்கள். 1,199 தம்பதிகளை வைத்து ஆராய்ந்ததில், வகுப்புக்கு வந்த குடும்பங்களில் அடி வாங்கியதாகச் சொன்ன பெண்கள் 33 சதவீதம். வராத குடும்பங்களில் 57. முடிவு 2018-இல் வெளியானது. இந்த மாதிரி எண்களை எடுப்பதற்கே தனியாக ஆட்கள் தேவைப்படுகிறார்கள், அதைப் பற்றிப் பின்னால் சொல்கிறேன்.

நம் நாட்டிலும் இது புதிதில்லை. மும்பையில் ‘மாவா’ என்ற, பெண்கள் மீதான வன்முறையை எதிர்க்கிற ஆண்களின் அமைப்பு 1993-லிருந்து இளைஞர்களோடு வேலை செய்கிறது. இந்தத் துறையின் உலகக் கூட்டமைப்பான ‘மென்எங்கேஜ்’ 2014-இல் தன் மாநாட்டை டெல்லியில்தான் நடத்தியது.

சரி, இனி கசப்பான பகுதி. இந்தத் துறை இப்போது பணமுடையில் இருக்கிறது. 2020-இல் வெளிநாட்டு நன்கொடைச் சட்டத்தைத் திருத்தியபோது, நிர்வாகச் செலவுக்கான உச்சவரம்பு 50 சதவீதத்திலிருந்து 20 ஆனது. ஒரு தொண்டு நிறுவனம் வாங்கிய பணத்தை இன்னொன்றுக்குக் கைமாற்றுவதும் நின்றுபோனது. சின்ன அமைப்புகள் பல அதில் அடிவாங்கின. 2025-இல் அமெரிக்கா வெளிநாடுகளுக்கு உதவிப் பணம் தந்துவந்த தன் ‘யூ.எஸ்.எய்ட்’ நிறுவனத்தையே இழுத்து மூடியது. வேலை போன அனுபவசாலிகள் இன்று உலகமெங்கும் விண்ணப்பம் போட்டுக்கொண்டிருக்கிறார்கள். வெறும் எம்.ஏ. பட்டத்தோடு உங்கள் மகன் அந்த வரிசையில் போய் நிற்க வேண்டுமா? ஐ.நா. தலைமைச் செயலகத்தில் இன்டர்ன்ஷிப் என்றால் சம்பளமே கிடையாது, அதையும் சொல்லிவிடுகிறேன்.

அதனால் நிலத்தைத் தொடாதீர்கள். படிக்கட்டும், இங்கேயே படிக்கட்டும். மும்பை டாட்டா சமூக அறிவியல் நிறுவனம், பெங்களூர் அசிம் பிரேம்ஜி பல்கலைக்கழகம், டெல்லி அம்பேத்கர் பல்கலைக்கழகம், நம் எழும்பூரில் மெட்ராஸ் ஸ்கூல் ஆஃப் சோஷியல் வொர்க் என்று பார்க்கலாம். எஞ்சினியர் என்பது குறையில்லை. ‘மானிட்டரிங் அண்ட் எவாலுவேஷன்’ என்று ஒரு பிரிவு உண்டு. திட்டத்தால் ஏதாவது மாறியதா என்று கணக்கெடுக்கிற வேலை. எண்ணுக்குப் பயப்படாதவர்களுக்கு அதில் எப்போதும் மரியாதை. கம்பெனிகள் சமூகப் பொறுப்புக்கென்று ஒதுக்குகிற சி.எஸ்.ஆர். பணத்தைச் செலவிடச் சட்டம் அனுமதிக்கிற பட்டியலிலும் பாலினச் சமத்துவம் இருக்கிறது. டாலரை நம்பாத ஒரு வழி அது. இரண்டு மூன்று வருடம் களத்தில் இருந்தபின் வெளிநாட்டுக்கு, பிரிட்டிஷ் அரசின் செவனிங் மாதிரி உதவித்தொகையில் முயலட்டும். அவர்கள் கேட்கிற 2,800 மணிநேர வேலை அனுபவத்தில் ஒரகடம் வேலையும் சேரும்.

அவருக்கு ஒரு எச்சரிக்கை. இந்தத் துறையை நடத்துவது பெரும்பாலும் பெண்கள். சமத்துவம் பேசுகிற ஆண் அங்கே அபூர்வம் என்பதால் கைதட்டல் சீக்கிரம் கிடைக்கும், மைக்கும் சீக்கிரம் கைக்கு வரும். இருபது வருடம் உழைத்த அக்காக்கள் கீழே உட்கார்ந்திருக்க, நேற்று வந்த தம்பி மேடையேறுவதை நானே பார்த்திருக்கிறேன். பெண் மேலதிகாரி திட்டினால் தாங்குவாரா, கூட்டத்தில் தேநீர் தம்ளர் எடுத்து வைப்பாரா என்று அவரே தன்னைக் கேட்டுக்கொள்ளட்டும்.

வேலையை விடுவதற்கு முன்னால் ஆறு மாதம் பரிசோதனை. பத்துப் பேரோ அதற்கு மேலோ வேலை செய்கிற இடத்தில் பாலியல் புகார்களை விசாரிக்க உள் குழு இருந்தாக வேண்டும். அவருடைய தொழிற்சாலையில் அது இருக்கிறதா, உடன் வேலை செய்யும் பெண்களுக்கு அதைப் பற்றித் தெரியுமா என்று விசாரிக்கட்டும். ஞாயிற்றுக்கிழமைகளில் உங்கள் ஊர் மகளிர் சுய உதவிக்குழுவில் கணக்கு எழுத உட்காரட்டும். குழுக் கடன் யார் பெயரில் வருகிறது, யார் சட்டைப் பைக்குப் போகிறது என்று பார்த்துவிட்டு, அந்தப் புருஷன்மாரிடம் டீக்கடையில் பேச்சுக் கொடுத்துப் பார்க்கட்டும். அதன்பிறகும் இதுதான் வேண்டும் என்றால் தடுக்காதீர்கள்.

ஒன்று கேட்க மறந்துவிட்டேன். நான்கு பக்கக் கடிதத்தில் பையனின் அம்மா ஒரு இடத்தில்கூட வரவில்லை. அவர் என்ன சொல்கிறார் என்று அடுத்த கடிதத்தில் எழுதுங்கள். முடிந்தால் அவரையே எழுதச் சொல்லுங்கள்.