காதுக் குஞ்சம் மட்டும் போதாது

அன்புள்ள ஐயா,
டிசம்பர் பள்ளி விடுமுறையில் குடும்பத்தோடு பின்லாந்து போகிறோம். காதில் குஞ்சம் இருந்தால் அது லின்க்ஸ் என்ற பெரிய காட்டுப்பூனை என்கிறாள் மகள். அவ்வளவுதானா? காட்டில் பார்க்க வாய்ப்புண்டா? தமிழில் சிவிங்கி என்று சொல்லலாமா?
ர., ஈசூன்

அன்புள்ள ர.,

பெயரை முதலில் முடித்துவிடுவோம். சிவிங்கிப்புலி என்பது சீட்டாவுக்கு வழங்கும் பெயர். குழப்பம் வேண்டாம், லின்க்ஸ் என்றே சொல்லுங்கள்.

குஞ்சம் கரகல் என்ற காட்டுப்பூனைக்கும் உண்டு. குஜராத்தின் கட்ச் வறண்ட நிலத்தில் வாழும் அது லின்க்ஸ் இனமே அல்ல. மகளை வாலைப் பார்க்கச் சொல்லுங்கள். லின்க்ஸின் வால் ஏறக்குறைய ஒரு சாண்தான். நுனி மையில் தோய்த்தெடுத்ததுபோல் சுற்றிலும் கருப்பாக இருக்கும். அதன் அமெரிக்க உறவான பாப்கேட்டுக்கு வால்நுனியின் மேல்பக்கம் மட்டுமே கருப்பு, அடிப்பக்கம் வெள்ளை. புள்ளிகளை நம்பாதீர்கள்; பின்லாந்து லின்க்ஸ் பலவற்றில் அவை மங்கலாகவே தெரியும். பின்னங்கால்கள் முன்னங்கால்களைவிட நீளம் என்பதால் பிட்டம் தூக்கலாக நிற்கும். எடை பெரும்பாலும் 18 முதல் 30 கிலோ. அடுக்குமாடி புளோக்கின் கீழ்த்தளப் பூனை நான்கைந்து கிலோ என்பதை நினைத்துக்கொள்ளுங்கள்.

ஸ்புரூஸ், பைன் மரங்கள் அடர்ந்த காடுதான் அதன் வீடு. ஆனால் மரம் மட்டும் போதாது. முயலும் மானும் மேய இளம் மரக்கன்றுகள் வேண்டும், பதுங்கவும் குட்டி போடவும் விழுந்த மரங்களும் பாறை இடுக்குகளும் வேண்டும். இரை குறைந்தால் அலையும் பரப்பு கூடும். நார்வேயின் சில பகுதிகளில் ஓர் ஆண் லின்க்ஸ் சுற்றிவரும் இடம் நம் சிங்கப்பூரைவிடப் பெரியது. நம் தீவு சுமார் 735 சதுர கிலோமீட்டர்தான்! ஆகவே காட்டில் நேரில் காண்பது மிக அரிது. பின்லாந்தின் வடக்கே ரொவனியெமி பக்கம் போகிறீர்கள் என்றால் இன்னும் அரிது. கலைமான் வளர்க்கும் அந்த வடபகுதியைவிடத் தெற்கில்தான் லின்க்ஸ் அதிகம்.

தடம் தேடலாம். வட்டமான சுவடு, நக அடையாளம் பொதுவாக இருக்காது. நாயின் சுவட்டில் நகம் பதியும். புதுப்பனி விழுந்த மறுநாள் பாருங்கள். வெயில் பட்டால் ஓரம் உருகிச் சுவடு விரிந்துவிடும், சாதாரண நாய்த்தடமும் பெரிய மிருகத்தினுடையதாகத் தோன்றும். ஒரே வரிசைத் தடத்தைப் பார்த்து ஒரு விலங்கு என்று முடிவுகட்டிவிடாதீர்கள். மே, ஜூனில் பிறந்த குட்டிகள் டிசம்பரில் தாயோடுதான் திரியும், தாய் மிதித்த குழியிலேயே கால் வைத்து நடக்கும். விழுந்த மரம் குறுக்கிடும் இடம்வரை தொடர்ந்து போனால் வரிசை இரண்டு மூன்றாகப் பிரியும், அங்கே எண்ணுங்கள்.

உயிரோடு பார்த்தே ஆகவேண்டும் என்றால், ரொவனியெமிக்குத் தெற்கே ரனுவா விலங்குப் பூங்கா இருக்கிறது. டிசம்பரில் பகல் வெளிச்சம் சில மணி நேரமே. நண்பகலுக்கு முன்பே உள்ளே போய்விடுங்கள், இருட்டிவிட்டால் வால்நுனி தெரியாது.