வெங்காரம் பொங்கும் நேரம்

அன்புள்ள ஐயா,

சேலம் செவ்வாய்ப்பேட்டையில் என் மாமாவின் கொலுசுப் பட்டறையை ஆறு நாள் படம் பிடித்தேன். அலுப்பாக இருக்கிறது என்று நண்பர்கள் சொன்னதால் 40 நிமிடத்தை 4 நிமிடமாக்கிப் புல்லாங்குழல் இசை சேர்த்தேன். பார்த்துச் சொல்லுங்கள். அடுத்த படத்துக்கு எந்தக் கேமரா வாங்கலாம்?

அன்புள்ள தம்பி,

கேமரா கிடக்கட்டும், இருப்பதே போதும். தொடக்கத்தில் வரும் ஏற்காட்டு ட்ரோன் காட்சியைத் தூக்கிவிடு. பட்டறைக்கும் கொண்டை ஊசி வளைவுக்கும் என்னப்பா உறவு?

மாமா பற்றவைக்கும் இடத்தை நாலைந்து தடவை ஓட்டிப் பார்த்தேன். மனசு ஆறவில்லை. சூடு பட்டதும், இணைப்பில் தடவிய வெங்காரம் (போராக்ஸ்) வெள்ளையாகப் பொங்கும். பிறகு அடங்கி, வெள்ளி மங்கலாகச் சிவக்கையில் கண்ணாடிபோல் படியும். அதற்கப்புறம்தான் பற்றவைக்கும் உலோகப் பொடி உருகி, இணைப்பில் மினுக்கென்று ஓடும். நீ பொங்கும்போதே வெட்டிவிட்டுப் பளபளக்கும் கொலுசுக்குத் தாவிவிட்டாய். ஒரு நொடி சூடு கூடினால் கம்பியே உருகிப்போகும் என்று அவர் கண் கொட்டாமல் காத்திருக்கிறாரே, அதையா அலுப்பு என்று எறிந்தாய்?

சுடர் ஆடாமலிருக்க அவர் மின்விசிறியை நிறுத்துகிறார். சேலத்து வெயிலில்! அந்த அமைதியில் அவர் சுடரை ஊதும் சத்தம் மட்டும் கேட்க வேண்டும். நீ புல்லாங்குழலால் மூடிவிட்டாய். அமெரிக்க ஆவணப்பட இயக்குநர் ஃபிரெடரிக் வைஸ்மன் வெளியிலிருந்து இசையோ வர்ணனையோ சேர்த்ததில்லை. தன் படங்களுக்கு மைக்கைப் பிடித்து ஒலிப்பதிவு செய்தவரும் அவரே. நீயும் ஹெட்போன் மாட்டிக்கொள். மைக் வேலைப் பலகைக்கு ஓரடி தள்ளி இருக்கட்டும். யாரும் பேசாதபோது பட்டறை ஒலியைத் தனியாக ஒரு நிமிடம் பதிவு செய்: விசிறி ஓடும்போது ஒன்று, நின்றபின் ஒன்று. அது கையில் இல்லாவிட்டால் வெட்டுகிற இடத்திலெல்லாம் சத்தம் துண்டு துண்டாகத் தெரியும்.

சுடர் எழுந்ததும் முகம் இருண்டது, கேமரா தானாகவே வெளிச்ச அளவை மாற்றும் ஆட்டோ எக்ஸ்போஷரால். அதைப் பூட்டி வை. டியூப் லைட் வெளிச்சத்தில் நொடிக்கு 25 ஃபிரேம் என்றால் ஷட்டர் வேகம் 1/50 நொடி. 1/60 வைத்ததால்தான் சுவரில் பட்டை பட்டையாக ஓடுகிறது.

16 எம்எம் ஃபிலிம் காலத்தில் 400 அடிச் சுருள் 11 நிமிடத்தில் தீர்ந்துவிடும். அதை வைத்துக்கொண்டே ஒரு வேலை முடியும்வரை காத்திருந்தார்கள். உன் கார்டில் மணிக்கணக்கில் இடம் கிடக்கிறது.

மிச்ச 36 நிமிடத்தை அழித்துவிடவில்லையே? பற்றவைத்து முடித்து, மாமா எழுந்து மறுபடி விசிறியைப் போடுவது அதில் இருக்கிறதா பார். இருந்தால் அதுவரை கத்தரியைத் தொடாதே.