கிணற்றுக்குள் ஒரு மணி, மேலே ஒரு வருடம்

உங்கள் கதையில் கிணற்றடி உலகத்தில் ஒரு மணி நேரம் கழிந்தால் ஊரில் ஒரு வருடம் ஓடிவிடும், ஆனால் அண்ணன் மேலே நின்று தங்கையோடு பேசும் காட்சி மட்டும் இடிக்கிறது என்று கேட்டிருந்தீர்கள். இடிக்கத்தான் செய்யும், அவர்களால் பேசவே முடியாது. 3600 வினாடியை 365 நாளுக்குப் பங்கிட்டுப் பாருங்கள், மேலே ஒரு முழு நாள் என்பது கீழே சுமார் 10 வினாடி. அவன் ஒரு மணி நேரம் தொண்டை கிழியக் கத்தினாலும் அவளுக்கு அது அரை வினாடிகூட இல்லை.

அதனால் பேச்சை எடுத்துவிட்டுக் கடிதம் வையுங்கள். அவன் தினம் ஒன்று போடுகிறான், அவள் மடியில் பத்து வினாடிக்கு ஒன்று விழுகிறது, முதல் கடிதத்தைப் படித்து முடிப்பதற்குள் பத்துப் பதினைந்து சேர்ந்துவிடும், அவளுக்கு இரண்டு நாள் போவதற்குள் அவனுக்கு ஐம்பது வருடம் நெருங்கி, கையெழுத்தே நடுங்க ஆரம்பிக்கும். எனக்கு இதை நினைக்கும்போதே தொண்டை அடைக்கிறது.

இதே மாதிரி நேரம் ஓடும் கதை பாகவதத்திலும் உண்டு: ககுத்மி மன்னன் மகள் ரேவதிக்கு வரன் கேட்கப் பிரம்மலோகம் போய், பாட்டுக் கச்சேரி முடியக் காத்திருந்த நேரத்தில் பூமியில் 27 சதுர்யுகம் (நான்கு யுகங்களும் சேர்ந்த ஒரு சுற்று) போய்விடும், நினைத்து வைத்திருந்த மாப்பிள்ளைகள் ஒருவர்கூட மிச்சமில்லை. அப்புறம், கணக்கை நடுவில் மட்டும் மாற்றிவிடாதீர்கள்.